இருபத்தொன்று

மாரிபோரில் பனி விடாமல் பெய்கிற வாரம்.
பிரெதா கோலாரிச் ஒரு பல்லை
இடுக்கியில் பிடித்து
ஜன்னலுக்கு எடுத்துப் போகிறாள்.
விளக்கடியில் நிறம் பொய் சொல்லும்.

மஞ்சள் ஒரு கடுகளவு கூடிவிட்டது.
சுரண்டுகிறாள்.
தூரிகையின் மூன்றே மயிரால்
பீங்கான் மாவைத் தொட்டு
மறுபடி வைக்கிறாள்.
உலைக்குள் போகிறது பல்.
அவள் வெளியே நின்று வேகிறாள்.

பதினோரு வருடம்
காப்பீட்டு அலுவலகத்தில்
பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தவள்.
வெள்ளத்துக்கு ஒரு படிவம்,
தீக்கு ஒரு படிவம்,
ஆலங்கட்டி மழைக்கு மட்டும் இரண்டு.
மூன்றரை மணிக்குமேல்
நாற்காலியில் ஏறிக்
கடிகார முள்ளைத் தள்ளிவிடலாமா என்று
தினமும் பார்ப்பாள்.

பிறகு அவள் பல்லே ஒன்று உடைந்தது.
மருத்துவர் பார்க்கக் கொடுத்த
சுண்ணாம்பு அச்சைக்
கையில் வைத்துக்கொண்டே
பேருந்து நிறுத்தம்வரை வந்துவிட்டாள்.
தன் வாய்
தனக்கு வெளியே இருந்தது.
மேடு, பள்ளம், ஓடை, ஒரு மலைப்பாதை.
இதை யாரோ செய்திருக்கிறார்கள்
என்பதுதான் தூங்கவிடவில்லை.

முப்பத்தெட்டு வயதில்
பதினெட்டு வயசுப் பிள்ளைகளோடு
பெஞ்சில் உட்கார்ந்து மெழுகு செதுக்கினாள்.
காரை விற்றாள்.
சம்பளம் பாதியானது.
"ஊரான் வாய்க்குள் போகிற பொருளுக்கா இத்தனையும்?"
தம்பி மிரான் கேட்டபோது
பதில் தேடித் தேடி
சூப் ஆறிப்போனது.
இன்றைக்கும் அவளிடம் பதில் இல்லை.

எல்லா நாளும் இனிக்கிறது என்று யார் சொன்னது?
கழுத்து வலிக்கும். தூசி இருமும்.
வெள்ளிக்கிழமை சாயங்காலம்
நாற்பது கடைவாய்ப் பல் ஒன்றாக வந்தால்
அவளும் கெட்ட வார்த்தை சொல்வாள்,
நல்ல உச்சரிப்போடு.
ஆனால் கடிகாரம் எந்தச் சுவரில் இருக்கிறதென்று
இந்த அறையில் அவளுக்குத் தெரியாது.

இந்தப் பல்லுக்கு வந்த சீட்டு:
எண் இருபத்தொன்று. மேல்வரிசை, இடது, முன்பல்.
ஆண், ஐம்பத்திரண்டு.
பனியில் வழுக்கி விழுந்தவர்.
"நேராக, வெள்ளையாக" என்று மருத்துவரின் கிறுக்கல்.
பல் போனால் சொல் போச்சு என்பார்கள்;
இவருக்குச் சிரிப்பும் போயிருந்தது,
பேசும்போதெல்லாம் கை வாசல் காக்கிறதாம்.

முத்துப் பல் செய்வது சுலபம்.
முத்துக்கு முகம் கிடையாது.
பழைய படம் ஒன்று அனுப்பச் சொன்னாள்.
ஆற்றங்கரை, பீர் புட்டிகள்,
வாய் நிறையச் சிரிக்கிற ஒரு மனிதன்.
உருப்பெருக்கியில் பார்த்தாள்:
அந்தப் பல் நேராக நிற்கவே இல்லை,
பக்கத்துப் பல்லின் தோளில்
லேசாகச் சாய்ந்திருந்தது,
கடைசிப் பேருந்தில் தூங்குகிறவன் மாதிரி.

சாய்த்தே செய்தாள்.
விளிம்பில் நகக்கீறல் அளவு ஒரு சிதைவும் வைத்தாள்.

மருத்துவர் தொலைபேசியில் கத்தினார்:
"கோணலாக இருக்கிறதே!"
"அவருடையதுதான்."
"வேண்டாம் என்று திருப்பி அனுப்பினால்?"
"இன்னொன்று செய்கிறேன், என் செலவில்."
திரும்பி வரவில்லை.

மார்ச் மாதம், ஆறாம் எண் பேருந்து.
கதவை விட உயரமான கண்ணாடியோடு
ஒரு பையன் ஏறப் பார்க்கிறான்.
இப்படிச் சாய்க்கிறான், அப்படிச் சாய்க்கிறான்,
வண்டியே அதற்குள் ஏறிவிடும்போல.
ஓட்டுநர் சிரித்துவிட்டார்,
ஸ்டீயரிங்கில் இரண்டு கையும் இருக்க.

அந்தச் சாய்வு.
பிரெதா டிக்கெட்டைப் பிடித்தபடி நின்றாள்.
இடதா வலதா,
எது பிறந்தது, எது செய்தது,
செய்தவளுக்கே
ஒரு நிமிடம் புரியவில்லை.
எதுவும் சொல்லவில்லை அவரிடம்.
என்ன சொல்வது?

இறங்க வேண்டிய இடம்
மூன்று நிறுத்தம் பின்னால் போயிருந்தது.
உருகும் பனியில்
காலணி நனையத் திரும்பி நடந்தாள்.

மேசையில் ஒன்பது கடைவாய்ப் பற்கள்,
எந்தச் சிரிப்பிலும் வெளியே வராதவை.
முதலாவதை எடுத்தாள்.
விளக்கை அணைத்துவிட்டு
ஜன்னலுக்குப் போனாள்.